ஒரு படி தவிட்டுக்கு ஒரு பிள்ளை

பின்வாசல் மதில் இடுப்புயரம். அந்தப் பக்கம் ஜைனபு அக்கா. இந்தப் பக்கம் நான், தொப்புள் இன்னும் உலராத பிள்ளையோடு.

காலை வெயில் ஏறத் தொடங்கியிருந்தது. கும்மிடிப்பூண்டியில் எங்கள் தெருவுக்குப் பின்னால் இரும்பு உருட்டும் ஆலை ஒன்று. இரவெல்லாம் அது விட்ட மூச்சு காலையில் கறுப்புப் பொடியாக மதில்மேல் படிந்திருக்கும். அந்தப் பொடியில் என் நான்கு விரல்களும் பதிந்தது இப்போதும் கண்ணில் நிற்கிறது. பிள்ளையின் முகம் நினைவில் இல்லை. நான் அதைப் பார்க்கவே இல்லை.

ஜைனபு அக்கா ஒரு முறத்தை மதில்மேல் வைத்தார். காற்றுக்குப் பறக்காமல் இருக்க அதன்மேல் எவர்சில்வர் தட்டு ஒன்று கவிழ்த்திருந்தது. தட்டைக் கையில் எடுத்துக்கொண்டார். முறத்தில் ஒரு படி தவிடு. அரைத்த சூடு ஆறாத வாசனை.

"தவுடு கொண்ணாந்துகிறேன். உம் புள்ளைய குடுக்கிறியா?"

பக்கத்தில் நிற்கிறவளிடம் யாரும் அவ்வளவு சத்தமாகக் கேட்க மாட்டார்கள். தெரு, தெருமுனை வேப்பமரம், அதற்கும் மேலே யார் இருந்தாலும் அவர் காதிலும் விழவேண்டும் என்று கேட்ட குரல் அது.

நான் சொல்ல வேண்டியதை முந்தின நாளே சொல்லிக்கொடுத்திருந்தார். எடுத்துக்கினு போ, எனக்கு வேணாம். மூன்று முறை. சலிப்பாகச் சொல்ல வேண்டும், கிழிந்த பாயைத் தூக்கிப் போடச் சொல்வதுபோல. அழக்கூடாது. எது வந்தாலும் அழக்கூடாது.

இரண்டு முறை சொல்லிவிட்டேன். மூன்றாவது முறை வாயைத் திறந்தபோது வார்த்தை வரவில்லை. வேறொரு சத்தம் வந்தது, அடிவயிற்றிலிருந்து.

அந்த நொடியில் ஜைனபு அக்காவின் கையிலிருந்த தட்டு நழுவிச் சிமெண்டுத் தரையில் விழுந்தது. விழுந்து சும்மா கிடக்கவில்லை. விளிம்பில் நின்று சுற்றியது, சுற்றச் சுற்ற ஒலி ஏறியது, தெரு நாய்கள்கூடக் குரைத்தன. அது அடங்கியபோது என் கை காலியாக இருந்தது. பிள்ளை அந்தப் பக்கம் போயிருந்தான்.

தட்டு விழுந்துவிட்டதே என்பது மட்டும் என்னுள் விழுந்து கிடந்தது. பல ஆண்டுகளாக.

யார் வீட்டுப் பிள்ளை

இந்தத் தொடரில் அங்கங்கே 'தவுடன்' என்றொருவன் வந்துபோகிறான். ரயிலில் ஜன்னலோர இடம் பிடித்துக் கொடுப்பான், மழையில் குடையைத் தொலைத்துவிட்டு வருவான். அது என்ன பெயர், செல்லப் பெயரா, சாதிப் பெயரா என்று வாசகர் சிலர் கேட்டிருந்தார்கள். பதில் சொல்ல எனக்குக் கொஞ்ச நாள் வேண்டியிருந்தது. ஏன் என்பது கடைசியில் தெரியும்.

தவுடனுக்கு முன்னால் எனக்கு இருவர் பிறந்தார்கள். ஒருத்தி ஒரு மழைக்காலம் இருந்தாள். ஒருவன் அதுவும் இல்லை. அவர்களைப் பற்றி இதற்குமேல் எழுத என் பேனாவுக்குத் தெரியாது.

மூன்றாவதாக வந்தவனை நான் தூக்கவில்லை. பால் கொடுக்க மட்டும் எடுப்பேன், கொடுத்ததும் பாயில் விட்டுவிடுவேன். கண்ணைப் பார்த்தால் பழகிவிடுமே என்ற பயம். சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்வேன்.

அடுத்த வீட்டு ஜைனபு அக்கா இதைக் கவனித்திருக்கிறார். பழவேற்காட்டு வியாபாரக் குடும்பம் அவருடையது. பஜாரில் பாத்திரக்கடை வைப்பதற்காகக் கும்மிடிப்பூண்டிக்குக் குடிவந்தவர்கள். எங்கள் இரண்டு வீட்டுக்கும் நடுவில் அந்த இடுப்புயர மதில்தான். குழம்பு அதைத் தாண்டும், செய்தி தாண்டும், கோபம் தாண்டாது.

ஒருநாள் என் கணவர் குணசேகரனை அவர் மதிலோரம் கூப்பிட்டுப் பேசினார். தங்காத வீட்டுப் பிள்ளையைத் தவிட்டுக்கு விற்பது எங்கள் பக்கத்தில் உண்டு. பெற்றவள் வேண்டாம் என்று சொல்லி ஒரு படி தவிட்டுக்குக் கொடுத்துவிட வேண்டும். வாங்கியவள்தான் பெயர் வைப்பாள். பிள்ளை இந்த வீட்டிலேயேதான் வளரும், ஆனால் அது இந்த வீட்டுப் பிள்ளை இல்லை. தேடி வருகிறவன் வந்து பார்ப்பான்: இங்கே இருப்பது யாரோ ஒருத்தியின் பிள்ளை, அதுவும் தவிட்டு விலைக்குப் போனது. கணக்குத் தப்பிப்போய்த் திரும்பிவிடுவான். வாங்குகிறவள் வேறு மதம் என்றால் இன்னும் பத்திரம். அந்த வீட்டுக் கதவு அவனுக்குத் தெரியாது.

குணசேகரன் சாமி இல்லை என்று ஆலை வாசல் கூட்டத்தில் பேசுகிற ஆள். கல்யாணத்துக்கு ஐயர் வேண்டாம் என்று என் அப்பாவிடம் சண்டை போட்டவர். அவர் இதைக் கேட்டுச் சிரித்திருக்க வேண்டும். மறுநாள் விடிவதற்கு முன்னால் ஸ்கூட்டரை எடுத்துக்கொண்டு கவரைப்பேட்டை போனார். அங்கே அவர் அண்ணனுக்குக் கொஞ்சம் நஞ்சை உண்டு. பக்கத்து மில்லில் நெல் அரைத்துப் புதுத் தவிடு வாங்கி, பையைச் சட்டைக்குள் செருகிக் கொண்டுவந்து ஜைனபு அக்கா வீட்டில் கொடுத்துவிட்டு, ஒன்றும் தெரியாதவர்போல முன்வாசலில் போய் நின்றுகொண்டார்.

மதிலைத் தாண்டிய பிள்ளையை ஜைனபு அக்கா சந்து வழியாகச் சுற்றி எங்கள் முன்வாசலுக்குக் கொண்டுவந்தார். கேட்க வேண்டியதைக் குணசேகரன் கேட்டார், இது யார் ஊட்டுப் புள்ள என்று.

"என் புள்ள. பேரு தவுடன். பால் குடுக்க ஒரு ஆள் வேணும். உம் பொண்டாட்டி குடுப்பாளா?"

கொடுப்பேன் என்று உள்ளிருந்து நான்தான் சொன்னேன்.

யாரோ ஒருத்தியின் பிள்ளையை மடியில் வாங்கினேன். அப்போதுதான் முதல் தடவையாக அவன் முகத்தைப் பார்த்தேன். இடது புருவத்தில் கொஞ்சம் முடி இல்லை. பிறந்தது முதல் அப்படித்தான் இருந்திருக்கும்.

அழுக்குச் சட்டை போட்ட பெயர்கள்

தவிடு தெரியாத பிள்ளைகள் இப்போது உண்டு. அவர்களுக்காக: உமியை உரித்த பிறகும் அரிசிமேல் பழுப்பாக ஒரு மெல்லிய தோல் இருக்கும். அரிசியின் கடைசிச் சட்டை. அதைத் தீட்டினால் உதிர்கிற தூள்தான் தவிடு. மாட்டுக்கு வைப்பார்கள். நாக்கில் போட்டால் முதலில் ஒன்றும் தெரியாது, பிறகு மெதுவாக இனிக்கும். நான் போட்டுப் பார்த்திருக்கிறேன்.

தவுடன் ஒற்றைப் பெயர் இல்லை. அவனுக்குச் சொந்தக்காரர்கள் நிறைய. குப்பையில் உருட்டி எடுத்த பிள்ளை குப்பன். மூக்குக் குத்திப் பெண்பிள்ளை வேஷம் போட்டவன் மூக்கன். நாலு வீட்டில் பிச்சை வாங்கி அந்தக் காசில் பெயர் வைத்தால் பிச்சை. ஆரம்பாக்கம் தாண்டினால் தெலுங்கு, அங்கே பெண்டய்யா என்பார்கள். அதுவும் குப்பைமேடுதான். பழவேற்காட்டுப் பக்கம் பக்கீர், அதாவது பிச்சைக்காரர், என்று கூப்பிடுகிற வீடுகளிலும் சில நேரம் இதே கதை இருக்கும்.

அழகான பெயர்களுக்கு அகராதியில் பொருள் உண்டு. இந்தப் பெயர்களின் பொருள் வாசலில் நடந்த ஒரு காரியத்தில் இருக்கிறது. குப்பன் என்று ஒருவனைப் பார்த்தால் நான் கணக்குப் போட்டுவிடுவேன், இவனுக்கு முன்னால் ஒருவனோ ஒருத்தியோ இருந்திருக்கிறார்கள் என்று. இல்லாமல் போனவர்களை எழுதிவைக்க எங்கள் பக்கத்துக்காரர்களுக்குக் கல் கிடையாது, படம் கிடையாது. இருக்கிறவன் பெயரில் எழுதிவைத்தார்கள்.

எங்கள் தெருவில் தேடினால் இப்போது ஒரு குப்பன் இல்லை. நல்லதுதான். பிள்ளைகள் தங்குகிறார்கள். தங்குகிற பிள்ளைக்கு ஆகாசத்திலிருந்து பெயர் எடுத்து வைக்கலாம்.

வாங்கியவளும் வளர்த்தவளும்

விற்ற பிள்ளையைத் திரும்ப வாங்க வேண்டும் என்பதும் இந்த வழக்கத்தில் சேர்ந்தது. காது குத்துகிறதற்கு முன்பு, தப்பினால் பள்ளிக்கூடத்தில் சேர்ப்பதற்கு முன்பு. பெற்றவள் தவிடு கொண்டுபோய் வாங்கியவள் வாசலில் வைத்து, என் பிள்ளையை எனக்குக் கொடு என்று கேட்க வேண்டும். அதுவரை அவனை என் பிள்ளை என்று வாயால் சொல்லக்கூடாது.

நான் கேட்கப் போகவில்லை.

காது குத்தும்போது அவனுக்குக் காய்ச்சல், அடுத்த மாதம் பார்க்கலாம் என்றேன். பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போது ஏதோ ஒரு காரணம். பிறகு ஜைனபு அக்காவின் கணவர் இறந்துபோனார், கடையைக் கைமாற்றிவிட்டு அக்கா மகளோடு பழவேற்காட்டுக்கே திரும்பிவிட்டார். தூரம் ஒரு நல்ல சாக்கு.

உண்மையான காரணம் தட்டு. அழக்கூடாத இடத்தில் அழுதேன், அழுதவுடனே தட்டு விழுந்தது. கேட்கக்கூடாதவனுக்குக் கேட்டுவிட்டது என்பதற்கு அதற்குமேல் என்ன அடையாளம் வேண்டும்? அவனுக்குச் சந்தேகம் வந்திருக்கிறது, ஆனால் நிச்சயமாகத் தெரியவில்லை. எங்கேயோ தெருமுனையில் நின்று காத்துக்கொண்டிருக்கிறான். நான் என் பிள்ளை என்று வாய் திறக்கிற நாளுக்காக. இதை எழுதும்போது எனக்கே சிரிப்பு வருகிறது. ராத்திரி தவுடன் இருமும்போது வராது.

ரயிலில் யாராவது உங்க பையனா என்று கேட்டால், பழவேற்காட்டு அக்கா பையன் என்பேன். பள்ளிக்கூடத்துக் கூட்டத்துக்குப் போனால் தவுடன் வீட்டிலிருந்து வருகிறேன் என்பேன். அவனுக்கு அது சின்ன வயதிலிருந்தே பழக்கம். ஜைனபு அக்காவை உம்மா என்பான், என்னை அம்மா என்பான். இரண்டு வார்த்தை இருந்ததால் இரண்டு பேரும் சண்டையில்லாமல் இருந்தோம். ரம்ஜானுக்குப் பழவேற்காட்டிலிருந்து சட்டை வரும். தீபாவளிக்கு நான் எடுக்கிற சட்டையைவிட அது எப்போதும் ஒரு சுற்றுப் பெரிதாக இருக்கும். அவர் மனசில் அவன் சீக்கிரம் வளர்ந்துகொண்டே இருந்தான்.

தர்ஷன்

படித்தான். தேர்வாய் கண்டிகையில் ஒரு தொழிற்சாலையில் தரம் பார்க்கிற பிரிவில் வேலை கிடைத்தது. காலை ஷிப்டுக்குக் கம்பெனி பஸ் வரும். கழுத்தில் அட்டையைத் திருப்பிப் போட்டுக்கொண்டு போவதைக் கவனித்தேன். படம் உள்பக்கம், பெயர் உள்பக்கம்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை நாஷ்டா முடித்துக் கை கழுவப் போனவன், குழாயடியில் நின்றபடியே பெயரை மாற்றிக்கொள்ளப்போவதாகச் சொன்னான். தர்ஷன் என்று யோசித்து வைத்திருக்கிறான். புதிதாக வருகிற ஒவ்வொருவனும் அர்த்தம் கேட்கிறான், சொன்னால் அன்று சாயங்காலம்வரை மாட்டுத் தீவனம் என்று கூப்பிடுகிறார்களாம்.

"சிரிச்சா சிரிச்சிட்டு போட்டும்மா, அது பேஜாரு இல்ல. ஒவ்வொரு வாட்டியும் செத்துப்போனவங்க கதைய டீ குடிக்கிற எடத்துல சொல்ல முடியல. சொல்லாம உட்டாலும் அவங்கள மறைக்கிற மாதிரி கீது."

நான் தோசைக்கல்லைத் தேய்த்துக்கொண்டிருந்தேன். பார்த்திராத அக்காவையும் அண்ணனையும் இவன் தினமும் பஸ்ஸில் ஏற்றிக்கொண்டு வேலைக்குப் போகிறான் என்பது எனக்கு அன்றுவரை தோன்றவில்லை.

அவன் அப்பாவுக்கு ஆட்சேபணை இல்லை. பெயரில் என்ன இருக்கிறது என்று தொடங்கி மேடைப் பேச்சுக்குப் போகப் பார்த்தார். இவன் நடுவில் புகுந்து, நீதானே நைனா உன் சொந்தத் தவுட்டைக் குடுத்தே என்னை வித்த ஆளு, நீ பேசாத என்றான். வாங்குகிறவளுக்கு விலையையும் விற்கிறவனே சப்ளை செய்த வியாபாரம் என்று அப்பாவும் மகனும் சிரித்தார்கள்.

ஆனால் பெயர் வைத்தது உம்மா, அவரிடம் கேட்காமல் எப்படி என்று அவனே போன் போட்டான். ஸ்பீக்கரில் ஜைனபு அக்காவின் குரல், பின்னால் ஆடு கத்துகிற சத்தம்.

"பேரு மாத்தறது பெரிசில்ல கண்ணு. மொதல்ல உங்கம்மாவ வந்து உன்ன வாங்கிக்கினு போச்சொல்லு. வாங்காத புள்ளைக்குப் பேரு மாத்த அவ யாரு?"

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். கல்லில் தேய்க்க இன்னும் கறை இருப்பதுபோல நான் தேய்த்துக்கொண்டே இருந்தேன்.

அந்த வாரம் எனக்குத் தூக்கமில்லை. அவன் பஸ் ஏறினால் பஸ்ஸை நினைத்தேன், ஆலைக்குள் போனால் ஆலையை. கூடாது என்று சொல்லக் காரணம் கிடைக்கவில்லை. இருக்கிற ஒரே காரணத்தை யாரிடமும் சொல்ல முடியவில்லை. தட்டு விழுந்ததைக் குணசேகரனிடம்கூட நான் சொன்னதில்லை. சொன்னால் தெருமுனையில் நிற்கிறவன் காதில் விழும் என்று.

தவிடு தேடி

தவிடு இப்போது லேசில் கிடைப்பதில்லை. பெரிய மில்களில் அரைத்த கையோடு எண்ணெய் எடுக்க லாரியில் போய்விடுகிறது. மிஞ்சுவது மாட்டுத்தீவன மூட்டைக்குள் வேறு பலதோடு கலந்து வருகிறது. குணசேகரன் மறுபடியும் கவரைப்பேட்டைக்கு ஸ்கூட்டரில் போனார். அதே அண்ணன் நிலம், பாதி இப்போது மனைகளாகக் கல் நட்டிருக்கிறது. மீதியில் விளைந்த நெல்லைச் சின்ன மில் ஒன்றில் கொடுத்து, நின்று அரைத்து வாங்கிவந்தார். இந்த முறை சட்டைக்குள் ஒளிக்கவில்லை. ஹேண்டில்பாரில் தொங்கவிட்டுத் தெரு நடுவே வந்தார். மீசையெல்லாம் பழுப்பு.

கும்மிடிப்பூண்டியிலிருந்து பொன்னேரிக்கு ரயில், அங்கிருந்து பழவேற்காட்டுக்குப் பஸ். பை என் மடியில். பக்கத்து இருக்கைக்காரர் மோந்து பார்த்துவிட்டு மாட்டுக்கா என்றார்.

"இல்லீங்க. புள்ளைக்கு" என்றார் குணசேகரன்.

கேட்டவர் அடுத்த நிறுத்தத்தில் வேறு இருக்கைக்குப் போய்விட்டார்.

ஊர் நெருங்கும்போது முதலில் காற்று மாறும். உப்பும் சேறும் உலர்ந்த இறாலும் சேர்ந்த காற்று. பிறகுதான் ஏரி தெரியும், தண்ணீரா வானமா என்று முடிவு செய்யாமல் படுத்திருக்கும். தவுடன் ஜன்னலோரம் உட்கார்ந்து செல்போனில் எதையோ தள்ளிக்கொண்டிருந்தான். இடது புருவத்தில் இப்போதும் அந்த இடத்தில் முடி இல்லை.

மறுபடியும் ஒரு வாசல்

ஜைனபு அக்காவுக்கு முழங்கால் போய்விட்டது. வாசலில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார், காலடியில் இரண்டு ஆடு. எழுந்திருக்கப் பார்த்தார், முடியவில்லை. தவுடன் குனிந்து அவர் தோளைப் பிடித்து உட்காரவைத்தான். அவன் கன்னத்தை இரண்டு கையாலும் அழுத்திப் பார்த்து, இன்னாடா கம்பெனிக்காரன் சோறு போடறதில்லையா என்றார்.

பையை நான் அவர் எதிரில் வைத்தேன். எட்டிப் பார்த்தார். உள்ளே கைவிட்டு எடுத்து விரல் நடுவே தேய்த்தார். ஆடு இரண்டும் கழுத்தை நீட்டின.

"எவ்ளோ கீது?"

ஒரு படி என்றேன்.

"நான் வாங்கசொல்லோ உள்ளங்கை அளவு இருந்தான். இப்ப ஆறடி. அதே ஒரு படிக்குக் குடுத்துடுவனா? மூட்டையா கொண்ணா."

குணசேகரன் மூட்டைக்கு ஆர்டர் சொல்லிவிடலாம் என்றார். தவுடன் தன்னைத் தவணையில் வாங்கிக்கொள்ளச் சொன்னான். அக்காவின் மகள் உள்ளிருந்து சிரித்தாள். எனக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. தெருமுனையைப் பார்த்தேன். வெயிலும் ஒரு சைக்கிளும்தான் இருந்தன.

அக்கா சிரிப்பை நிறுத்திவிட்டார். "கேளு வசந்தா. இத்தினி வருசம் கேக்கல. இப்பவும் இன்னா?"

சொல்லிவிட்டேன். அன்றைக்கு அழுததையும், அழுதவுடனே தட்டு நழுவி விழுந்ததையும், அது சகுனம் என்று இருந்ததையும். வீட்டுக்காரருக்கும் பிள்ளைக்கும் முன்னால், நடுப்பகலில், சத்தமாக.

ஜைனபு அக்கா விரலில் ஒட்டிய தவிட்டை உதறிவிட்டுக் கேட்டார்.

"அந்தத் தட்டா? அது எங்க நழுவிச்சு? நான்தான் போட்டேன்."

எனக்குப் புரியவில்லை.

"நீ வாயத் தொறந்து அழ ஆரம்பிச்ச. அழற சத்தம் வெளிய கேட்டா நீ இன்னும் பயந்துடுவ. கையில தட்டு இருந்துச்சு, போட்டேன். ஓரமாப் போட்டா நல்லா சுத்தும். பாத்திரக்கடைக்காரிக்கு அதுகூடத் தெரியாதா? உன் சத்தம் யாருக்கும் கேக்கல. எனக்கே பாதிதான் கேட்டுச்சு."

ஒரு ஆடு பைக்குள் தலையை விட்டுவிட்டது, யாரும் விரட்டவில்லை.

பிறகு அவர் மெதுவாகச் சொன்னார், இதிலெல்லாம் தனக்கு அன்றும் நம்பிக்கை இல்லை, இன்றும் இல்லை என்று. படைத்தவனை ஏமாற்ற யாரால் முடியும்? "உன்னத்தான் ஏமாத்தணும்னு நெனச்சேன். உம் புள்ளையத் தொடவே பயந்துகினு சுவத்தப் பாத்துப் படுத்துகினு இருந்த. அடுத்தவ புள்ளைன்னா பயமில்லாம தூக்குவல்ல? அதுக்குத்தான் வாங்கினேன். தூக்கின. அதோட என் வேல முடிஞ்சிச்சு. நீதான் வாங்க வரல."

நான் எழுந்து நின்றேன். எதிரே மதில் இல்லை. நீட்டிய கால்களும், ஆடும், தரையில் சிந்திய தவிடும்தான்.

என் புள்ளைய எனக்குக் குடுங்கக்கா என்றேன்.

"இன்னும் சத்தமா."

இரண்டாவது முறை சொன்னேன். மூன்றாவது முறை வார்த்தை வரவில்லை, அன்றைக்கு வந்த அதே சத்தம் வந்தது. கையால் வாயைப் பொத்திக்கொண்டேன். அக்கா நாற்காலியில் இருந்தபடி எட்டி என் கையை இழுத்து எடுத்துவிட்டார்.

"இப்ப அழு. கேக்கட்டும்."

அழுதேன். தெருவில் போன சைக்கிள்காரர் நின்று பார்த்துவிட்டுப் போனார். தவுடன் என்ன செய்வதென்று தெரியாமல் செருப்பைப் பார்த்துக்கொண்டு நின்றான். அக்கா அவனை முதுகில் ஒரு தள்ளு தள்ளினார், போடா உங்கம்மாவாண்ட என்று. என்னைவிட ஒரு முழம் உயரமானவன் குனிந்து என் தோளில் தாடையை வைத்தான். எப்படித் தூக்குவது என்று எனக்குத் தெரியவில்லை. சட்டையைப் பிடித்துக்கொண்டேன். உம்மா போன ரம்ஜானுக்கு எடுத்த சட்டை. இப்போதுதான் அளவு சரியாகியிருந்தது.

திரும்பி

சாப்பிட்டோம். இறால் தொக்கும் சோறும். பெயர் விஷயம் சாப்பாட்டுக்கு நடுவில் முடிந்துவிட்டது. தர்ஷன், தர்ஷன் என்று இரண்டு முறை வாயில் போட்டுப் பார்த்துவிட்டு, நன்றாகத்தான் இருக்கிறது, மாற்றிக்கொள் என்றார் அக்கா.

"ஆனா நான் கூப்ட்டா மட்டும் திரும்பணும்."

திரும்புவேன் என்றான், வாயில் சோற்றோடு.

கிளம்பித் தெருக்கோடிவரை நடந்துவிட்டோம். பின்னாலிருந்து, தவுடா, என்று ஒரு குரல். மூன்று பேரும் திரும்பினோம். விஷயம் ஒன்றும் இல்லை. திரும்புகிறானா என்று பார்த்தாராம். கையை அசைத்துப் போகச் சொன்னார். ஆடு பையை முழுக்கக் காலி செய்துவிட்டிருந்தது.

பெயர் மாற்ற எழுதிப் போட்டிருக்கிறான். வர நாளாகுமாம். வரட்டும். அட்டையில் எது இருந்தாலும் வீட்டில் வாய் தானாக எதைக் கூப்பிடும் என்பது எனக்குத் தெரியும். இந்தத் தொடரிலும் அவன் தவுடனாகவே வருவான். அவனிடம் அனுமதி வாங்கிவிட்டேன்.

அன்று பொன்னேரி பஸ்ஸில் கூட்டம். குணசேகரன் முன்னால் கம்பியைப் பிடித்து நின்றார். எங்கள் இருவருக்கும் இடம் கிடைத்தது. பஸ் ஊரைத் தாண்டுவதற்குள் அவன் தூங்கிவிட்டான், தலை என் தோளில். வாயோரம் கொஞ்சம் திறந்திருந்தது. பூக்கூடையோடு எதிரில் நின்ற அம்மாள், கூடையை என் காலடியில் இறக்கிவைத்துவிட்டு அவனைப் பார்த்தார்.

"இது யாரும்மா? புள்ளையா?"

பழவேற்காட்டு அக்கா என்று நாக்கு பழக்கத்தில் தொடங்கியது. நிறுத்திக்கொண்டேன்.

"ஆமாம்மா. என் புள்ள."

அவருக்கு அது ஒன்றுமில்லை. கூடையின் ஈரத்துணியைச் சரிசெய்துகொண்டு வெளியே பார்க்கத் தொடங்கிவிட்டார். பஸ் ஒரு பள்ளத்தில் இறங்கி ஏறியது. நான் காதைக் கூர்மையாக்கிக்கொண்டு காத்திருந்தேன்.

எங்கேயும் எந்தத் தட்டும் விழவில்லை.